யாக்கூப் மேசன் மறித்த வாசல்

யாக்கூப் என்று பெயர் சொன்னால் யாழ்ப்பாணப் பட்டினத்தில் அநேகருக்கு ஆளைத் தெரியாது. "முகூர்த்தம் குழப்பின மேசன்" என்றால் உடனே தெரியும். தெரிந்த கையோடு ஒரு சிரிப்பும் வரும். அந்தச் சிரிப்பைக் கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. சிரிக்கிறவர்களில் ஒருவருக்கும் நடந்தது முழுதாகத் தெரியாது. தெரிந்தவன் நான் ஒருவன்தான். அந்த நானோ இருபத்தாறு வருஷம் வாயைப் பொத்திக்கொண்டு இருந்தேன். ஆகவே இந்தக் கோபத்தில் பாதி என் மேலேயே வருகிற கோபம் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

என் பெயர் நமசிவாயம். வட்டுக்கோட்டையில் படித்து முடித்து, ஐம்பத்தைந்தாம் ஆண்டு பெல்வியூ கிளப்பில் கிளாக்கராகச் சேர்ந்தேன். பட்டினத்தின் தென்புறத்தில், பரவைக்கடலைப் பார்த்தபடி நின்ற கட்டடம் அது. வெள்ளைக்கார உத்தியோகத்தரும் கப்பல் ஏசண்டுமாரும் சேர்ந்து ஆயிரத்து எண்ணூற்றுத் தொண்ணூற்றாறில் கட்டியது. முதல் நாற்பது வருஷம் கறுத்தக் கால் ஒன்று அந்த மண்டபத்துக்குள் போவதென்றால் கையில் தட்டத்தோடுதான் போகவேண்டும். பிறகு நீதவான், டாக்குத்தர், வழக்குப் பேசும் புரொக்ரர், மலாயாப் பென்சன்காரர் என்று எங்கள் பெரிய மனிதரையும் சேர்த்துக்கொண்டார்கள். வெள்ளைக்காரன் கப்பல் ஏறிய பிறகு அவனிலும் பார்க்க வெள்ளைக்காரராக இருந்தவர்கள் இவர்கள்தான். வெயில் கொளுத்துகிற சித்திரை மாதத்திலும் கோட்டும் கழுத்தில் ரையும் இல்லாமல் ஒருவரையும் உள்ளே விடமாட்டார்கள்.

மண்டபத்தின் நடுவில் தேக்கம் பலகையால் ஆட்டத்தளம். வருஷப்பிறப்பு டான்சுக்கு இரண்டு நாளைக்கு முன்பே மெழுகுதிரியைச் சீவித் தூவி, சாக்கில் ஆளை இருத்தி மேலும் கீழும் இழுத்து அதை வழுக்கப்பண்ணுவார்கள். கொழும்பிலிருந்து பாண்ட்காரர் மெயில் றெயினில் வந்து இறங்குவார்கள். கவுண் போட்ட சீமாட்டிகள் காரிலிருந்து இறங்குகிற அழகைப் பார்க்க, மதிலுக்கு வெளியே பாதிப் பட்டினம் கூடி நிற்கும். நானும் வேலைக்குச் சேருமுன் அப்படி நின்று பார்த்தவன்தான்.

ஐம்பத்தாறில் கிளப்புக்கு அறுபது வயது. அதைக் கொண்டாட ஒரு பெரிய டான்ஸ் என்று தீர்மானித்தார்கள். மலாயாவிலிருந்து வந்த ஒரு பென்சன்காரர், தன் பங்குக்கு ஒரு வாசல் நிலையைப் பரிசாகக் கொடுத்தார். பர்மாத் தேக்கு, பதினொரு அடி உயரம், தலைமாட்டில் நிறக்கண்ணாடி. அதைப் பார்த்து எல்லாரும் வாய் பிளந்தார்கள். ஆனால் பழைய வாசல் சுண்ணாம்புக்கல்லால் வளைத்துக் கட்டிய வளைவு. அதற்குள் இந்த நிலை அடங்காது. வளைவுக்கு மேலே ஓராள் உயரத்துக்குக் கல்லுச் சுவர், அதற்கும் மேலே சாந்தால் செய்த கிரீடம். வளைவை எடுத்துவிட்டு நிலையை வைக்கவேண்டும், அதுவும் பதினொரு நாளில் என்று செக்ரட்டரி ஆழ்வாப்பிள்ளை புரொக்ரர் உத்தரவு போட்டார்.

வேலைக்கு வந்தவர் சோனகதெரு முத்தலிப் மேசனார். யாக்கூப்பின் தகப்பன். அந்த நாளில் ஒரு சுவர் நூல் பிடித்ததுபோல் நின்றால், "முத்தலிப்பார் வைச்சதோ?" என்று கேட்பது பட்டினத்தில் வழக்கம். யாக்கூப்புக்கு அப்போது பத்தொன்பது வயது. தகப்பனுக்குச் சாந்து குழைத்துக் கொடுத்துக்கொண்டு நின்றான்.

இரண்டாம் நாள் மேசனார் என் மேசையடிக்கு வந்தார்.

"கிளாக்கர் தம்பி, வளைவை எடுத்தால் மேலை இருக்கிற சுவரை ஆர் தாங்கிறது? நிலை எண்டது கதவு மாட்டத்தான், சுவர் சுமக்க இல்லை. ரெண்டு தண்டவாளம் குறுக்கை போடோணும். செக்ரட்டரி ஐயாவிட்டை இதைச் சொல்லிப்போடுங்கோ. உங்கடை புத்தகத்திலையும் எழுதி வையுங்கோ."

றெயில்வேயில் பழைய தண்டவாளம் எடுக்க ஒரு மாதம் செல்லும். டான்சுக்கு இருந்ததோ ஒன்பது நாள். நான் எழும்பிச் செக்ரட்டரியின் அறை வாசல் மட்டும் போனேன். உள்ளே அவர் தொலைபேசியில் யாரையோ கிழிகிழியென்று கிழித்துக்கொண்டிருந்தார். என் வேலை அப்போது நிரந்தரமாகவில்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு அப்படியே திரும்பிவந்தேன்.

"சொன்னனான், மேசனார். தண்டவாளம் வேண்டாமாம், உள்ளபடி கட்டட்டாம்," என்றேன்.

இது நான் சொன்ன பொய். ஒரு கூலிக்காரரின் முகத்தைப் பார்த்து, நா பிசகாமல் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் என்னைப் பார்த்தார். பிறகு "ஓம்" என்று சொல்லிவிட்டுப் போய்க் கட்டினார். புத்தகத்திலும் நான் ஒன்றும் எழுதவில்லை.

டான்ஸ் அமோகமாக நடந்தது. வந்தவர்கள் எல்லாரும் நிலையைத் தடவித் தடவிப் பார்த்தார்கள். நான் மட்டும் அன்றிலிருந்து கிளப்புக்குப் பின்வாசலால் போய்வந்தேன். கேட்டவர்களுக்குச் சைக்கிள் விட வசதி என்று சொன்னேன்.

மேசனார் அந்தப் பழியை இன்னொருவர் தலையில் போடவில்லை. அவர் ஆள் அப்படி. மகனுக்கு அவர் சொன்னது இவ்வளவுதான்: "அந்த வேலை பிழையாய்த்தான் கட்டிப்போட்டன். நிலையை மட்டும் ஒருநாளும் அசைக்கக்கூடாது. அசைச்சால் மேலை இருக்கிறது வரும்." தன்னுடைய எச்சரிக்கையையும் என்னுடைய பதிலையும் அவர் வீட்டில் சொல்லவே இல்லை. ஆகவே யாக்கூப் நினைத்துக்கொண்டது, வாப்பா தெரிந்தும் வாய் திறக்காமல் இருந்துவிட்டார் என்று. அறுபத்துநாலில் மேசனார் மௌத்தாகி அடக்கமானார். மகன் அந்த எண்ணத்தோடேயே இருந்தான்.

பெல்வியூவும் மெல்ல மெல்லத் தேய்ந்தது. சிங்களம் மட்டும் என்று சட்டம் வந்தபின் பறங்கிக் குடும்பங்கள் ஒவ்வொன்றாக அவுஸ்திரேலியாவுக்குப் போயின. நீதவான்மார் மாற்றலாகிப் போனார்கள். விஸ்கி வருவது நின்றது, பாண்ட்காரரும் நின்றார்கள். அறுபதுகளில் மண்டபத்தைக் கலியாணத்துக்கு வாடகைக்கு விட்டார்கள். எழுபதுகளில் சங்கக்கடைக்காரர் அதில் கூப்பனுக்குக் கொடுக்கிற மா மூட்டை அடுக்கினார்கள். சீமாட்டிகள் வழுக்கி ஆடிய பலகையைக் கறையான் அரித்தது. ஆழ்வாப்பிள்ளை புரொக்ரர் படுக்கையில் கிடந்து போய்ச் சேர்ந்தார். எனக்கு வேலை போனது. பெரியகடையில் றேடியோவும் சைக்கிளும் விற்ற சோமசேகரம் முதலாளியின் கடையில் மனேச்சராகச் சேர்ந்தேன்.

யாக்கூப் தகப்பனின் தொழிலைத்தான் எடுத்தான். ஆனால் அவன் காலத்தில் சீமெந்து தட்டுப்பாடு; கட்டுகிறவர்கள் குறைவு. பழைய வீடுகளை வாங்கி உடைத்து, ஓடு, சிலாகை, கதவு என்று பிரித்து விற்கிறவர்கள்தான் கூட. அவன் உடைக்கிற வேலையில் இறங்கினான். பதினாலு வருஷத்தில் நாற்பது வீடு பிரித்திருப்பான். ஒருவனுக்கும் ஒரு விரல் நசுங்கியதில்லை. கடைசியாக வைத்தது முதலில் இறங்கவேண்டும் என்பது அவன் முறை. ஓடு, பிறகு மரம், பிறகு மேற்சுவர், எல்லாம் இறங்கிய பிறகுதான் கதவும் நிலையும். ஆட்கள் அவசரப்பட்டால் வேலையை நிறுத்திவிட்டு வெற்றிலை போடச் சொல்வான். தாய் றஹ்மத்தும்மாவும் அவனோடுதான் இருந்தார். வீட்டுக்கு வருகிறவர்களிடம் எல்லாம், பட்டினத்தில் எந்தெந்தச் சுவர் தன் புருஷன் கட்டியது என்று விரல் மடித்துச் சொல்வார்.

எழுபத்தேழுக்குப் பிறகு வெளிநாட்டுச் சாமான் வரத் தொடங்கியது. சோமசேகரம் முதலாளிக்குக் காசு கொட்டியது. பெல்வியூவைக் காணியோடு வாங்கி, உடைத்துவிட்டு மாடிக்கடை கட்டப்போவதாகச் சொன்னார். உடைக்கிற வேலையை யாக்கூப்புக்குத்தான் கொடுத்தார். சோமசேகரம் கெட்ட மனிதர் இல்லை. பிடித்தால் பிடித்ததுதான், அவ்வளவே.

அவர் பிடித்தது அந்த நிலையை.

மகள் பத்மாசினிக்கு ஆவணியில் கலியாணம். சீதன வீடு அளவெட்டியில் எழும்பிக்கொண்டிருந்தது. அந்த வீட்டுக்குப் பெல்வியூ நிலையை வைக்கவேண்டும் என்று அவருக்கு ஆசை. சாத்திரியார் ஒரு நாள் வைத்துக் கொடுத்தார்: எழுபத்தெட்டு வைகாசி, வியாழக்கிழமை. காலை ஒன்பது பன்னிரண்டுக்கும் ஒன்பது ஐம்பத்துநாலுக்கும் இடையில் இங்கே எடுத்து, நண்பகலுக்கு முன் அங்கே நாட்டவேண்டும். அதை விட்டால் ஆனியும் ஆடியும் வீட்டு வேலைக்கு ஆகாது. ஆவணிக்குப் போனால் கலியாணத்துக்கு வீடு முடியாது. இவ்வளவோடு நின்றிருந்தால் பரவாயில்லை. கூரை கழற்றிய வீடு செத்த வீடாம், அதிலிருந்து எடுக்கிற நிலை பெண்பிள்ளைக்கு ஆகாதாம்; கூரையும் சுவரும் முழுதாக நிற்கிற வீட்டிலிருந்துதான் நிலையை எடுக்கவேண்டுமாம்.

திங்கட்கிழமை இதைக் கேட்டதும் யாக்கூப்புக்கு முகம் வெளுத்தது.

"முதலாளி, நிலை கடைசியாய்த்தான் வரும். மேற்சுவரை இறக்க எனக்கு நாலு நாள் தாங்கோ. வெள்ளிக்கிழமை பின்னேரம் நிலையைக் கீறல் இல்லாமல் எடுத்துத் தாறன்."

"வெள்ளிக்கிழமை எனக்கென்னத்துக்கு, யாக்கூப்? வியாழன் ஒன்பது பன்னிரண்டு. நீர் எடுப்பீரோ, மாட்டீரோ?"

"எடுக்கேலாது, முதலாளி. ஆள் சாகும்."

"இருபத்திரண்டு வருசம் நிண்ட சுவர் ஒரு மணித்தியாலம் நில்லாதோ?"

யாக்கூப் திரும்பிப் போனான். சொல்லவேண்டியது ஒன்று இருந்தது. அதைச் சொன்னால் வாப்பாவின் பெயர் போகும். சொல்லாவிட்டால் ஆள் போகும். முதலாளி அன்றைக்கே பரமலிங்கம் என்ற வேறொரு மேசனைப் பிடித்தார். அவன் வந்து பார்த்து, இரண்டு பனங்கப்பு மரத்தை முட்டுக் கொடுத்தால் போதும் என்றான்.

புதன்கிழமை காலை யாக்கூப் கடைக்கு வந்து என் முன்னால் நின்றான். கையில் தொப்பியை வைத்துக் கசக்கிக்கொண்டிருந்தான்.

"ஐயா, அந்த நேரம் நீங்கள் அங்கை கிளாக்கராய் இருந்தனீங்கள். வளைவை எடுத்துப்போட்டு வெறும் நிலையிலை சுவரை இருத்தினது உங்களுக்குத் தெரியும்தானே. முதலாளியிட்டை ஒரு சொல்லுச் சொல்லுங்கோ. நீங்கள் சொன்னால் கேப்பார்."

வளைவு எடுத்தது ஞாபகம் என்று சொன்னால், அடுத்ததாக, அப்போது ஏன் ஒருவரும் தடுக்கவில்லை என்று கேட்பார்கள். அந்தக் கேள்வி எங்கே வந்து நிற்கும் என்று எனக்குத் தெரியும்.

"அது எவ்வளவு காலத்துக் கதை, யாக்கூப். எனக்கு ஒண்டும் ஞாபகம் இல்லை," என்றேன்.

அவன் என்னையே பார்த்தான். கோபம் இல்லை, களைப்புத்தான் தெரிந்தது. "அப்பிடியெண்டால் நான்தான் சொல்லோணும்," என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு படி இறங்கினான்.

வியாழன் காலை சோளகம் பேய்க்காற்றாக வீசியது. எட்டரைக்கே முதலாளி குடும்பத்தோடு வந்துவிட்டார். அளவெட்டியிலிருந்து மேளமும் நாதசுரமும் வந்திருந்தன. லொறி ஒன்று வாசலை நோக்கிப் பின்பக்கத்தைக் காட்டிக்கொண்டு நின்றது. பரமலிங்கம் ஆறு ஆட்களோடு நிலையின் இரண்டு பக்கமும் சாந்தைக் கொத்தி விட்டிருந்தான். இரண்டு பனங்கப்பு மேற்சுவருக்கு முட்டாக நின்றன. முகூர்த்தம் தொடங்கியதும் பத்மாசினி நிலைக்குக் கீழே நின்று, மஞ்சள் சாத்தி, பூமாலை போட்டு, தேங்காய் உடைக்கவேண்டும். அதன் பிறகு ஆட்கள் நிலையை நெம்பி எடுக்கவேண்டும். முதலாளி தன் கைமணிக்கூட்டைக் கழற்றி என்னிடம் தந்தார்.

"நமசிவாயம், நேரத்தைப் பார்த்துச் சொல்லும். பிசகக்கூடாது."

தவில் முழங்கத் தொடங்கியது. நான் மணிக்கூட்டைப் பார்க்கவில்லை, மேற்சுவரைப் பார்த்தேன். தவிலின் ஒவ்வொரு அடிக்கும் கிரீடத்தின் கீழிருந்து சுண்ணாம்புத் தூள் மெல்லியதாக உதிர்ந்து காற்றில் பறந்தது. மற்றவர்களும் கண்டிருப்பார்கள். பழைய கட்டடம், தூசு பறக்கும்தானே என்று இருந்திருப்பார்கள். எனக்குத்தான் அது என்ன தூள் என்று தெரியும்.

"ஒன்பது பத்து," என்றேன்.

பத்மாசினி தட்டத்தை எடுத்துக்கொண்டு படியில் கால் வைத்தாள். இருபத்திரண்டு வயசுப் பிள்ளை. அந்தச் சுவர் கட்டி முடிந்த வருஷத்தில் பிறந்தவள்.

அப்போதுதான் யாக்கூப் சனத்தை விலக்கிக்கொண்டு வந்தான். வெள்ளைச் சேட்டும் புதுச் சாரமும் உடுத்து, பெருநாளுக்குப் போகிறவன்போல வந்தான். ஒருவரோடும் பேசாமல் அவளைக் கடந்து படியேறி, நிலைக்கு நேர் கீழே போய் நின்று, முகத்தை வெளியே திருப்பினான்.

மேளம் நின்றது.

"யாக்கூப், இறங்கும் கீழை," என்றார் முதலாளி.

"இறங்கமாட்டன், முதலாளி. நான் நிக்கிற இடத்திலை பிள்ளையை நிக்கவிடமாட்டன்."

முதலாளி பரமலிங்கத்தைப் பார்த்தார். பரமலிங்கம் தன் ஆட்களில் இரண்டு பேரைக் காட்டினான். அவர்கள் படியேறி யாக்கூப்பின் தோளில் கை வைத்தார்கள். அவன் இரண்டு கையாலும் நிலையைப் பிடித்துக்கொண்டான்.

"இழுக்காதையுங்கோ, தம்பியவை. நிலை அசைஞ்சால் மூண்டு பேரும் போவம்."

அவன் அதை உரத்துச் சொல்லவில்லை. அதனால்தானோ என்னவோ இரண்டு பேரும் கையை எடுத்துவிட்டு மேலே அண்ணாந்து பார்த்தார்கள். பிறகு ஒருவன் இறங்கினான், மற்றவன் அவன் பின்னாலேயே இறங்கினான்.

"நேரம் என்ன?" என்று முதலாளி என்னிடம் கேட்டார்.

"ஒன்பது பத்தொன்பது."

"யாக்கூப், உமக்கு என்ன வேணும்? வேலையை மற்றவனுக்குக் குடுத்திட்டன் எண்ட கோபமோ?"

"வேலை போகட்டும், முதலாளி. இந்தச் சுவர் பிழையாய்க் கட்டின சுவர். இதுக்குள்ளை தண்டவாளமும் இல்லை, வளைவும் இல்லை. முழுச்சுவரும் இந்த மரத்துக்கு மேலைதான் இருக்குது."

"அது உமக்கு எப்பிடித் தெரியும்?"

சோனகதெருவிலிருந்து வந்த ஏழெட்டுப் பேர் மதிலோரம் நின்றார்கள். அவர்கள் மத்தியில் அவன் தங்கை ஸபூராவின் புருஷனும் நின்றான். யாக்கூப் அவர்களையும் பார்த்துவிட்டுத்தான் பேசினான்.

"இதைக் கட்டினது என்ரை வாப்பா. சாந்து குழைச்சுக் குடுத்தது நான். பிழை எண்டு தெரிஞ்சுகொண்டுதான் கட்டினவர். ஆரிட்டையும் சொல்லேல்லை. எனக்கு மட்டும் சொன்னவர்."

மதிலோரத்தில் ஒரு முணுமுணுப்பு எழும்பியது. முத்தலிப் மேசனார் கள்ள வேலை செய்தாராம், சொல்கிறவன் மகன். நான் கையில் மணிக்கூட்டோடு, அவனிலிருந்து எட்டு அடி தள்ளி நின்றேன். இல்லை, அவர் சொன்னவர், என்னிடம்தான் சொன்னவர் என்று சொல்ல எனக்கு எவ்வளவு நேரம் செல்லும்? ஒரு மூச்சுக்கூட வேண்டியதில்லை. நான் குனிந்து மணிக்கூட்டைப் பார்த்தேன். பயம் என்று சொல்லித் தப்பப் பார்க்கிறேன். அது பயமும் இல்லை, கோழைத்தனம்.

"ஒன்பது முப்பத்தொண்டு," என்றேன். ஒருவரும் கேட்கவில்லை.

முதலாளி சனத்தின் பக்கம் திரும்பினார். "பெத்த தகப்பன்ரை பேரைச் சந்தியிலை விக்கிறான் உவன். உவன்ரை கதையை நம்பச் சொல்லுறியளோ? பிள்ளை, நீ போய்ப் பக்கத்திலை நிண்டு பூவைச் சாத்து. உனக்குப் பயந்து உவன் விலகுவான்."

பத்மாசினி படியில் ஏறினாள். இரண்டாம் படியில் நின்று யாக்கூப்பிடம் கேட்டாள், "அண்ணை, உங்கடை வாப்பாவைப் பற்றிச் சொன்னது உண்மையோ?"

"உண்மை, தங்கச்சி. பொய்யெண்டால் அதைச் சொல்ல நான் ஏன் இஞ்சை வாறன்?"

அவள் அவன் முகத்தைப் பார்த்தாள். பிறகு திரும்பி இறங்கி, தட்டத்தைத் தாயிடம் கொடுத்தாள்.

"நான் உதுக்குக் கீழை போகமாட்டன், அப்பா."

அதன் பிறகு முதலாளி கத்தியதை எழுத எனக்கு விருப்பம் இல்லை. கத்திக் களைத்து என் பக்கம் திரும்பினார்.

"நேரம்?"

"ஒன்பது ஐம்பத்தாறு," என்றேன். அன்றைக்கு என் வாயிலிருந்து வந்தது அந்த எண்கள் மட்டும்தான்.

மேளக்காரர் தவிலுக்கு உறை போட்டார்கள். லொறி வெறுமையாகத் திரும்பிப் போனது. யாக்கூப் கடைசியாகத்தான் நிலையை விட்டு இறங்கினான். இறங்கியவன் நேரே வீட்டுக்குப் போனான். அவனுக்கு முன்பே செய்தி அங்கே போயிருந்தது.

மறுநாள் பரமலிங்கம் கூரை ஓட்டைக் கழற்றத் தொடங்கினான். பிறகு மரம், பிறகு மேற்சுவர். யாக்கூப் சொன்ன அதே ஒழுங்கு. ஆனால் யாக்கூப் இல்லை. ஆறு நாளில் எல்லாம் பத்திரமாக இறங்கியது. ஒரு கல் கூடத் தவறி விழவில்லை. "பாத்தியளோ, ஒண்டும் நடக்கேல்லை" என்று பட்டினம் சொன்னது. மேற்சுவர் முழுக்க இறங்கியதால்தான் ஒன்றும் நடக்கவில்லை என்று யோசிக்க ஒருவருக்கும் நேரமில்லை. கடைசி வரிக் கல்லை எடுத்த அன்று பரமலிங்கம் என்னை இரகசியமாகக் கூப்பிட்டு நிலையின் மேற்கட்டையைக் காட்டினான். பெருவிரல் தடிப்புக்கு அது கீழே வளைந்திருந்தது. அடிப்பக்கத்தில் நீளத்துக்கு வெடிப்பு.

"அண்டைக்கு நெம்பியிருந்தால் என்ரை ஆக்கள் ஒருத்தரும் வீட்டை போயிருக்கமாட்டினம்," என்றான். "முதலாளிக்குச் சொல்லாதையுங்கோ. இன்னும் கொதிப்பார்."

எனக்கு அந்தப் புத்தி சொல்லத் தேவையே இல்லை.

முகூர்த்தம் தப்பிய நிலையை முதலாளி தொடவும் இல்லை. மாப்பிள்ளை வீட்டார் சகுனம் சரியில்லை என்று விலகினார்கள். பத்மாசினிக்கு அடுத்த வருஷம் வட்டுக்கோட்டைப் பக்கத்தில் நல்ல இடத்தில் கலியாணமாகி, இப்போது இரண்டு பிள்ளைகள். உயிரோடு இருந்ததால்தான் அந்த இரண்டும். அதை யாரும் யாக்கூப்பின் கணக்கில் வைக்கவில்லை. வீடு பிரிக்கவோ கட்டவோ அவனை ஒருவரும் கூப்பிடவில்லை. அவன் கை பட்டால் நல்ல காரியம் நடக்காதாம். அவன் பஸ் ஸ்ராண்டுக்குக் கிட்டத் தேங்காய் விற்றான்.

அதிலும் பெரிய அடி வீட்டுக்குள் விழுந்தது. றஹ்மத்தும்மா அன்றைக்கே தன் உடுப்பை மூட்டை கட்டிக்கொண்டு மகள் ஸபூராவின் வீட்டுக்குப் போய்விட்டார். மூன்று வருஷம். பெருநாளுக்கு யாக்கூப் கொண்டுபோன சாப்பாட்டை வாங்கவில்லை. எண்பத்தொன்று கார்த்திகையில் அங்கேயே மௌத்தானார்.

எண்பத்திரண்டு மாசியில் நான் வேலையிலிருந்து நின்றேன். இனி என்னை யாரும் வேலையால் நிறுத்த முடியாது என்று ஆன பிறகுதான் எனக்கு ரோசம் வந்தது. வெட்கக்கேடு. ஒரு காலை சோனகதெருவுக்கு நடந்தேன். யாக்கூப் வீட்டு முற்றத்தில் இருந்து தேங்காய் உரித்துக்கொண்டிருந்தான். எனக்கு இருக்க மர வாங்கைத் தூசு தட்டிப் போட்டான். நான் இருக்கவில்லை. நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். தண்டவாளத்தைச் சொன்னேன். செக்ரட்டரியின் அறை வாசலைச் சொன்னேன். நான் சொன்ன பொய்யைச் சொன்னேன். வியாழக்கிழமை மணிக்கூட்டோடு நின்றதையும், பரமலிங்கம் காட்டிய வெடிப்பையும் சொன்னேன்.

அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவன் உரித்துக்கொண்டிருந்த தேங்காயை மெல்லக் கீழே வைத்தான்.

"உம்மா சொன்னவ," என்றான். "போகேக்கையே சொன்னவ. உன்ரை வாப்பா வாயைப் பொத்திக்கொண்டு கட்டிற ஆளில்லை, ஆரிட்டையோ சொல்லித்தான் இருப்பார், போய்த் தேடிக் கேள் எண்டு. நான் அதை நம்பேல்லை, ஐயா. வாப்பா என்னட்டை மட்டும்தான் சொன்னவர் எண்டு அவவோடை சண்டை பிடிச்சனான். மூண்டு வருசமும் அதைத்தான் கேட்டவ. ஆரிட்டையும் விசாரிச்சியோ எண்டு. கடைசியா ஆஸ்பத்திரியிலையும் கேட்டவ."

நான் போய் வாங்கில் இருந்தேன்.

"ரெண்டு மாசம் முந்தி வந்திருக்கலாம்," என்றான். பிறகு, "மூண்டு மாசம்," என்று தானே திருத்தினான்.

முற்றத்தில் ஒரு கோழி கிளறிக்கொண்டு திரிந்தது. மன்னிப்பு என்ற சொல் என் வாயில் வந்தது. அந்த முற்றத்தில் அதைச் சொல்ல எனக்குக் கூச்சமாக இருந்தது. யாக்கூப் எழும்பிக் கையைக் கழுவினான். கொடியில் கிடந்த சேட்டை எடுத்துப் போட்டான்.

"வாப்பா சொன்னதை மாத்தாமல் ஒருக்கால் சொல்லுங்கோ," என்றான்.

சொன்னேன். அவன் உதடு அசைந்தது.

"வாங்கோ. ஸபூரா வீட்டை போவம். அவவின்ரை புருஷனும் இருப்பார். பக்கத்து வீட்டாக்களையும் கூப்பிடுறன். எல்லாருக்கும் முன்னாலை இதை அப்பிடியே சொல்லுங்கோ."

"இப்பவோ, யாக்கூப்?"

"பேந்து எப்ப, ஐயா?"

அவன் படலையைத் திறந்து பிடித்துக்கொண்டு, நான் வெளியே வரும் வரைக்கும் நின்றான்.